இளவரசியாகாத மருமகள்: சஞ்சிகை ஆசிரியை கெர்ஸ்டின் விக்மார்க்கின் வாழ்வு

சுவீடன் நாட்டின் அரசியலமைப்பு ஒரே ஆவணத்தில் அடங்குவதன்று. அடிப்படைச் சட்டங்கள் எனப்படும் பல சட்டங்கள் சேர்ந்தே அங்கு அரசியலமைப்பாகக் கொள்ளப்படுகின்றன. அவற்றுள் ஒன்று பத்திரிகைச் சுதந்திரச் சட்டம். 1766 ஆம் ஆண்டில் முதன்முதலாக இயற்றப்பட்டு, பின்னர் பலமுறை திருத்தி எழுதப்பட்ட இச்சட்டமே உலகில் இத்தகைய சட்டங்களுள் மூத்தது. நாம் செய்யும் தொழிலுக்கு அது பாட்டன் முறையானது என்றாலும் தவறில்லை. அதற்குப் பக்கத்திலேயே சம அந்தஸ்துடன் நிற்பது 1810 ஆம் ஆண்டின் முடியுரிமைச் சட்டம். யார் அரியணை ஏறலாம், அரச குடும்பத்தவர் யாரை மணக்கலாம், மீறி மணந்தால் எதை இழக்க வேண்டும் என்பனவற்றை அது விதிக்கிறது.

இவ்விரு சட்டங்களின் நிழலிலும் ஒருங்கே வாழ்ந்த பெண்மணி ஒருவர் உண்டு. முதலாவது சட்டம் அவருக்கு எழுதுகோலைத் தந்தது. இரண்டாவது சட்டம் அவருடைய கணவரிடமிருந்து பட்டத்தையும் முடியுரிமையையும் பறித்தது. கெர்ஸ்டின் விக்மார்க் என்னும் அப்பெண்மணியை இன்றைய வாசகர்களுள் அறிந்தோர் சிலரே. 1946 ஆம் ஆண்டின் தொடக்கத்திலோ அவரது பெயர் அத்திலாந்திக்கின் இரு கரைகளிலும் செய்தித்தாள்களில் இடம்பெற்றது.

கெர்ஸ்டின் 1910 மார்ச் 4 ஆம் திகதி ஸ்டொக்ஹோம் நகரில் பிறந்தார். அதே மாதம் 28 ஆம் திகதி, அதே நகரின் அரச மாளிகையில் இங்கிரிட் என்னும் இளவரசி பிறந்தார். ஒரே மாதத்தில், ஒரே நகரில் பிறந்த இவ்விரு பெண் குழந்தைகளும் பிற்காலத்தில் நாத்தனார் உறவு பூணுவார்கள் என்று அன்று எவரும் எண்ணியிருக்க இயலாது. இங்கிரிட்டின் பிறப்பை நாடே கொண்டாடியது. விக்மார்க் குடும்பத்தின் மகிழ்ச்சி அக்குடும்பத்தோடு நின்றது. தந்தை ஹென்னிங் விக்மார்க் கலாநிதிப் பட்டம் பெற்ற கல்விமான். படித்த நடுத்தரக் குடும்பம். அரண்மனையோடு எவ்விதத் தொடர்பும் இல்லாத குடும்பம்.

அவர் வளர்ந்த காலம் சுவீடன் நாட்டுப் பெண்களின் வாழ்வில் கதவுகள் ஒவ்வொன்றாகத் திறந்த காலமாகும். அவருக்குப் பதினொரு வயதாயிருந்தபோது, 1921 ஆம் ஆண்டில், அந்நாட்டுப் பெண்கள் முதன்முறையாகப் பாராளுமன்றத் தேர்தலில் வாக்களித்தார்கள். (நமது நாட்டில் சர்வசன வாக்குரிமை 1931 இல் வந்தது என்பதை ஒப்புநோக்கிக் கொள்ளலாம்.) கெர்ஸ்டின் பத்திரிகைத் துறைக்குள் நுழைந்து, எழுத்தாளராகவும் சஞ்சிகை ஆசிரியையாகவும் உயர்ந்தார். வார சஞ்சிகைகள் அந்நாட்டில் வீடுதோறும் படிக்கப்பட்ட காலம் அது. வானொலி பரவியிருந்தபோதிலும் தொலைக்காட்சி வந்திராத அந்நாட்களில், உடை, உணவு, குழந்தை வளர்ப்பு, தொடர்கதை, திரைப்பட நட்சத்திரங்கள், அரச குடும்பத்துப் படங்கள் யாவும் சஞ்சிகைகளின் வழியாகவே மக்களைச் சென்றடைந்தன. அவற்றைத் தொகுத்து, திருத்தி, தலைப்பிட்டு, உரிய நாளில் அச்சுக்கு அனுப்புவது எத்தகைய பொறுப்பு என்பதை இத்தொழிலில் இருப்போர் அறிவர். முப்பது வயதளவில் ஒரு பெண் அப்பொறுப்பைச் சுமந்து தன் வருவாயில் தானே நின்றமை சுவீடனிலும் அன்று சாதாரணமன்று. அவர் ஏற்கனவே ஒருமுறை மணமாகி, அந்த மணம் முறிவில் முடிந்தவருமாவார்.

இனி, அவர் வாழ்வில் வந்து சேர்ந்த இளவரசரைப் பற்றிச் சொல்ல வேண்டும். கார்ல் ஜொஹான், டலார்னா கோமகன், 1916 ஒக்டோபர் 31 ஆம் திகதி பிறந்தவர். அன்றைய முடிக்குரிய இளவரசர் குஸ்தாவ் அடோல்ஃபின் ஐந்து பிள்ளைகளுள் கடைக்குட்டி. தாய் மார்கரெட், பிரித்தானிய மகாராணி விக்டோரியாவின் பேர்த்தி. 1920 மே 1 ஆம் திகதி, மற்றுமொரு குழந்தையைக் கருவில் சுமந்திருந்த நிலையில், காதுப் பகுதியில் தொடங்கிய நோய் இரத்தத்தில் பரவியதால் அவர் மரணமடைந்தார். கார்ல் ஜொஹானுக்கு அப்போது மூன்றரை வயது. 1923 இல் தந்தை மறுமணம் செய்துகொண்ட லூயிஸ் சீமாட்டி, இரண்டாம் உலகப் போரின்போது கண்டி, பேராதனையிலிருந்து தென்கிழக்காசிய நேச நாட்டுப் படைகளை நெறிப்படுத்திய மவுண்ட்பேட்டன் பிரபுவின் உடன்பிறந்த சகோதரியாவார். அந்த வகையில் இக்கதையின் ஓர் இழை நம் மலைநாட்டையும் தொட்டுச் செல்கிறது.

கடைசிப் பிள்ளையானபடியால் அரியணை தன்னை வந்தடையும் என்று கார்ல் ஜொஹான் எதிர்பார்த்திருக்க வேண்டிய அவசியம் இருக்கவில்லை. தந்தை, மூத்த தமையன் குஸ்தாவ் அடோல்ஃப், அடுத்த தமையன்மார் எனப் பலர் அவருக்கு முன்னே நின்றனர். இராணுவ அதிகாரியாகப் பணிபுரிந்த அவருக்கும், அவரைவிட ஆறு வயது மூத்தவரான சஞ்சிகை ஆசிரியைக்கும் இடையே காதல் மலர்ந்தது. எந்தச் சஞ்சிகைகள் அரச குடும்பத்துச் செய்திகளால் பக்கங்களை நிரப்பினவோ, அவற்றின் உலகத்திலிருந்தே ஒருவர் அக்குடும்பத்துக்குள் நுழைய நேர்ந்தது. செய்தி எழுதியவர் செய்தியானார்.

இங்கு முடியுரிமைச் சட்டத்தின் ஐந்தாம் பிரிவு குறுக்கே வருகிறது. அரசரின் அனுமதியின்றி மணம் புரியும் இளவரசர், தமக்கும் தம் சந்ததிக்கும் உரிய முடியுரிமையை இழப்பார் என்று அது விதித்தது. அத்தோடு நின்றிருந்தால் அரசரின் மனத்தை மாற்ற முயன்றிருக்கலாம். ஆனால், அரசர் அனுமதித்தாலும் அனுமதிக்காவிட்டாலும், உள்நாட்டவராயினும் வெளிநாட்டவராயினும் சாதாரணக் குடிமகன் ஒருவரின் மகளை மணந்தால் அதே கதிதான் என்றும் அச்சட்டம் தொடர்ந்து கூறியது. எனவே அரசர் ஐந்தாம் குஸ்தாவ் இரங்கியிருந்தாலும் பயன் விளைந்திராது.

சட்டத்தின் அந்தச் சொற்பிரயோகத்தைச் சற்று உற்றுநோக்க வேண்டும் என்று நாம் கருதுகிறோம். தடைசெய்யப்பட்ட பெண்ணை அது அவளது தந்தையைக் கொண்டே அடையாளப்படுத்தியது. முப்பத்தைந்து வயதில், சொந்த எழுத்தினால் வாழ்ந்து, ஒரு சஞ்சிகையை நடத்தத் தெரிந்த பெண், சட்டத்தின் கண்களில் யாரோ ஒருவரின் மகள் மட்டுமே. அவரது கல்வி, தொழில், திறமை எதுவும் அந்தக் கணக்கில் சேரவில்லை. குறையாகக் கூட அவை எண்ணப்படவில்லை என்பதே நமக்கு அதிகம் உறுத்துகிறது.

இதில் இன்னொரு முரண்பாடும் உண்டு. இச்சட்டம் யாருக்காக எழுதப்பட்டது? 1810 ஆம் ஆண்டில், வாரிசற்றுப் போன சுவீடன் அரியணைக்கு முடிக்குரியவராகத் தெரிவு செய்யப்பட்டவர் நெப்போலியனின் தளபதிகளுள் ஒருவரான ஜோன் பப்திஸ்த் பெர்னாடோட். தென் பிரான்சின் போ நகரில் ஒரு சட்டத்தரணியின் மகனாகப் பிறந்து, சாதாரணச் சிப்பாயாகப் படையிற் சேர்ந்து மார்ஷல் பதவி வரை உயர்ந்தவர். அவரது மனைவி தெசிரே கிளாரி, மார்செய் நகரத்துப் பட்டு வணிகர் ஒருவரின் மகள். ஒருகாலத்தில் நெப்போலியனுக்கே நிச்சயிக்கப்பட்டிருந்தவர். இச்சட்டத்தின் அளவுகோலால் அளந்தால் அரச வமிசத்தின் முதல் அரசியே தகுதி பெற்றிருக்க மாட்டார். 1818 இல் பெர்னாடோட் அரியணை ஏறியபோது அவர் சூடிய பெயர் பதினான்காம் கார்ல் ஜொஹான். நமது கதைக்குரிய இளவரசர் தாங்கியிருந்ததும் அதே பெயர்தான். புதிதாக மேலே ஏறியவர்களே ஏணியைப் பற்றி அதிக கவனம் கொள்கிறார்கள் போலும்.

இச்சட்டத்துக்கு முதலில் விலை செலுத்தியவர்கள் கெர்ஸ்டினும் அவரது கணவரும் அல்லர். அரசர் இரண்டாம் ஒஸ்காரின் இரண்டாவது மகனான இளவரசர் ஒஸ்கார், அரண்மனைப் பணிமகளாக இருந்த எப்பா முங்க் என்பவரை 1888 மார்ச் மாதத்தில் இங்கிலாந்தின் போர்ன்மௌத் நகரில் மணந்து முடியுரிமையைத் துறந்தார். எப்பா பிரபு குலத்தவர். ஆயினும் அரச குலத்தவரல்லர் என்பதே போதுமானதாயிற்று. அத்தம்பதியினரின் மகனே பின்னாளில் ஐக்கிய நாடுகள் சபையின் சமரசத் தூதராகப் பலஸ்தீனத்துக்குச் சென்று, 1948 செப்டெம்பர் 17 ஆம் திகதி ஜெருசலேமில் சுட்டுக் கொல்லப்பட்ட ஃபோல்க்கே பெர்னாடோட். முடியுரிமை மறுக்கப்பட்ட கிளையிலிருந்தே அக்குடும்பத்தின் மிகப் பெரிய மனிதர்களுள் ஒருவர் தோன்றினார் என்பது கவனிக்கத்தக்கது.

பின்னர் 1932 இல் ஐந்தாம் குஸ்தாவின் பேரன் லெனார்ட் இலண்டனில் ஒரு வணிகரின் மகளை மணந்தார். பட்டம் போயிற்று. 1934 இல் இன்னொரு பேரன் சிக்வார்ட், அதே இலண்டனில், ஜேர்மனியரான எரிக்கா பட்செக்கை மணந்தார். அவரது பட்டமும் போயிற்று. சிக்வார்ட், கார்ல் ஜொஹானின் சொந்தத் தமையன். பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன்னர் தமையனுக்கு நடந்ததை நேரிற் கண்டவர் என்ற வகையில், எதை இழக்கப் போகிறோம் என்பது கார்ல் ஜொஹானுக்கு நன்றாகவே தெரிந்திருந்தது. 1936 இல் பிரித்தானியப் பேரரசின், ஆகவே நமது இலங்கைத் தீவினதும் மன்னராக இருந்த எட்டாம் எட்வேர்ட் சிம்சன் சீமாட்டிக்காக முடிதுறந்த நிகழ்ச்சியும் எவர் மனத்திலிருந்தும் மறைந்திருக்கவில்லை.

போர் முடிந்த மறு ஆண்டில், 1946 பெப்ரவரி 19 ஆம் திகதி, நியூயோர்க் நகரில் திருமணம் நடைபெற்றது. மணமகனுக்கு இருபத்தொன்பது வயது. மணமகளுக்கு முப்பத்தாறு நிறைய இரு வாரங்களே இருந்தன. முந்தைய மணங்கள் இரண்டும் இலண்டனில் நடந்ததைப் போன்று இதுவும் தாய்நாட்டுக்கு வெளியிலேயே நிகழ்ந்தது. அந்நாள் முதல் டலார்னா கோமகன் என்ற பட்டமும் இளவரசர் என்ற விளிப்பும் மறைந்தன. திருவாளர் பெர்னாடோட், திருமதி பெர்னாடோட் என்று அவர்கள் ஆயினர். எண்பத்தேழு வயதான ஐந்தாம் குஸ்தாவுக்கு இருந்த ஐந்து பேரன்மாருள் மூவர் இவ்வாறு முடியுரிமை வரிசையிலிருந்து நீங்கிவிட்டனர்.

எஞ்சிய இருவருள் மூத்தவரான குஸ்தாவ் அடோல்ஃபுக்கு அப்போது நான்கு பெண் பிள்ளைகள். பெண்களுக்கு அந்நாளில் முடியுரிமை இல்லை. தம்பியின் திருமணம் நடந்து பத்து வாரங்களின் பின்னர், ஏப்ரல் 30 ஆம் திகதி, அவருக்கு ஓர் ஆண் குழந்தை பிறந்தது. அரண்மனை நிம்மதிப் பெருமூச்சு விட்டது. அந்த நிம்மதி ஓராண்டு கூட நீடிக்கவில்லை. 1947 ஜனவரி 26 ஆம் திகதி கொப்பன்ஹேகனின் காஸ்ட்ரப் விமான நிலையத்தில், புறப்பட்ட சில கணங்களில் விமானம் நொறுங்கி விழுந்தது. அதில் பயணித்த குஸ்தாவ் அடோல்ஃப் உயிரிழந்தார். அமெரிக்கப் பாடகி கிரேஸ் மூரும் அதே விமானத்தில் மாண்டார். ஒன்பது மாதக் குழந்தை ஒன்று, வயது முதிர்ந்த பாட்டனுக்கும் பூட்டனுக்கும் அடுத்த வாரிசாயிற்று.

நியூயோர்க் திருமணத்தின் உண்மையான கனம் அப்போதுதான் வெளிப்பட்டது. ஐந்து பேரன்மாருள் இப்போது எஞ்சியிருந்தவர் ஒருவர் மட்டுமே. அவர் பேர்டில். குழந்தை வளர்ந்து ஆளாகும் வரை ஆட்சிப் பொறுப்பை ஏற்க வேண்டி வரலாம் என்ற நிலையில், பேர்டில் தாம் விரும்பிய பெண்ணை மணக்க முடியாதவரானார். அவர் காதலித்த லிலியன், வேல்ஸ் நாட்டுத் தொழிலாளர் குடும்பத்தில் பிறந்தவர். 1943 இல் போர்க்கால இலண்டனில் சந்தித்த அவ்விருவரும் 1976 டிசெம்பர் வரை, முப்பத்து மூன்று ஆண்டுகள், திருமணத்துக்காகக் காத்திருந்தனர். லிலியனுக்கு அப்போது அறுபத்தொரு வயது. பிள்ளைப்பேறு என்ற பேச்சுக்கே இடமற்றுப் போன பருவம்.

தம்பி துறந்தார், தமையன் காத்திருந்தார். இவ்விருவருள் யார் செய்தது சரி என்று வாதிடுவோர் உண்டு. அரச கடமையைப் போற்றுவோர் பேர்டிலைப் புகழ்வர். நாமோ, கெர்ஸ்டினையும் அவரது கணவரையும் குறைகூற நியாயம் எதையும் காணவில்லை. 1946 பெப்ரவரியில் அரியணைக்கு முன்னால் மூன்று வயதுவந்த ஆண்கள் வரிசையில் நின்றனர். ஒரு விமானம் விழப்போவதை அறிந்து எவரும் மணநாள் குறிப்பதில்லை. தவிரவும், லிலியன் இழந்த முப்பத்து மூன்று ஆண்டுகளுக்குப் பொறுப்பாளி அந்தச் சட்டமேயன்றி, அதிலிருந்து வெளியேறிச் சென்ற தம்பதியினரல்லர்.

1950 ஒக்டோபரில் ஐந்தாம் குஸ்தாவ் மறைந்தார். கார்ல் ஜொஹானின் தந்தை ஆறாம் குஸ்தாவ் அடோல்ஃப் என்ற பெயரில் அரசரானார். மாமனார் அரசரானபோதும் மருமகள் திருமதி பெர்னாடோட்டாகவே இருந்தார். மறு ஆண்டில், 1951 ஜூலை 2 ஆம் திகதி, லக்சம்பேர்க்கின் ஆட்சியாளர் ஷார்லொட் கோமகள், முடியுரிமை இழந்த லெனார்ட், சிக்வார்ட், கார்ல் ஜொஹான் ஆகிய மூவருக்கும் விஸ்போர்க் பிரபு என்ற பட்டத்தை வழங்கினார். சுவீடனின் சட்டம் பறித்ததை அயல்நாடொன்று வேறு வடிவில் ஈடுசெய்த விதம் சுவையானது. 1892 இல் முந்திய ஒஸ்காருக்கும் லக்சம்பேர்க்கே இதே பட்டத்தை வழங்கியிருந்தது. அவ்வாறு கெர்ஸ்டின் விஸ்போர்க் சீமாட்டியானார். இளவரசி என்ற பட்டம் மாத்திரம் அவரை இறுதிவரை வந்தடையவில்லை.

தம்பதியினருக்குச் சொந்தப் பிள்ளைகள் இல்லை. ஒரு பெண்ணையும் ஓர் ஆணையும் தத்தெடுத்து வளர்த்தனர். இரத்த உரித்தையே ஆதாரமாகக் கொண்ட ஒரு குடும்பத்தின் கிளையில், தத்துப்பிள்ளைகளைப் பெற்ற பிள்ளைகளாக வளர்த்தமை அவர்கள் வாழ்வின் போக்கைக் காட்டுகிறது. அரச மாளிகையின் சடங்குகளுக்கு வெளியே அவர்கள் வாழ்வு அமைந்தது. பத்திரிகைகளும் நாளடைவில் வேறு செய்திகளைத் தேடிச் சென்றன.

ஆயினும் உறவு முறையால் எண்ணிப் பார்த்தால், இந்தச் சஞ்சிகை ஆசிரியையைச் சூழ்ந்திருந்த கிரீடங்கள் கொஞ்சநஞ்சமல்ல. அவரோடு ஒரே மாதத்தில் பிறந்த நாத்தனார் இங்கிரிட் 1947 முதல் 1972 வரை டென்மார்க்கின் அரசி. இங்கிரிட்டின் மூத்த மகள் இரண்டாம் மார்கிரேத் 1972 இல் முடிசூடி 2024 ஜனவரியில் தானே முடிதுறக்கும் வரை டென்மார்க்கை ஆண்டவர். இளைய மகள் ஆன் மரி, 1964 இல் கிரேக்க மன்னரை மணந்து அரசியானவர். காஸ்ட்ரப் விபத்தில் தந்தையை இழந்த குழந்தையோ 1973 செப்டெம்பரில் பதினாறாம் கார்ல் குஸ்தாவ் என்ற பெயரில் சுவீடனின் அரசரானார். இவர்கள் அனைவருக்கும் கெர்ஸ்டின் சிற்றன்னை அல்லது மாமி முறை.

அந்தப் புதிய அரசரே மூன்று ஆண்டுகளின் பின்னர் இக்கதைக்கு ஓர் எதிர்பாராத திருப்பத்தைத் தந்தார். 1972 இல் மியூனிக் ஒலிம்பிக் போட்டிகளின்போது விருந்தினர் உபசரிப்புப் பணியிலிருந்த சில்வியா சொம்மர்லாத் என்ற பெண்ணைச் சந்தித்து, 1976 ஜூன் 19 ஆம் திகதி ஸ்டொக்ஹோமில் அவரை மணந்தார். ஜேர்மனியத் தந்தைக்கும் பிரேசில் நாட்டுத் தாய்க்கும் பிறந்த சில்வியா எந்த அரச குடும்பத்தையும் சேர்ந்தவரல்லர். இளவரசர்களைக் கட்டுப்படுத்திய விதி, அரியணையில் அமர்ந்துவிட்ட அரசரைக் கட்டுப்படுத்தவில்லை. தலைநகரம் திருவிழாக் கோலம் பூண்டது. அதே ஆண்டின் இறுதியில் பேர்டிலுக்கும் அனுமதி கிடைத்தது. அவர் தமது பட்டத்தை இழக்கவுமில்லை. முப்பது ஆண்டுகளுக்கு முன்னர் கெர்ஸ்டினுக்காகக் கணவர் கொடுத்த விலையை இப்போது எவரும் கேட்கவில்லை. கொடுத்தவர்களுக்கு அது திருப்பித் தரப்படவுமில்லை. தமையன் சிக்வார்ட், 1983 இல் தம்மை இளவரசர் என்றே அழைத்துக்கொள்ளப் போவதாக அறிவித்து, 2002 இல் இறக்கும் வரை அதற்காகப் போராடினார். அரண்மனை அசையவில்லை.

1980 ஜனவரி முதலாம் திகதி முடியுரிமைச் சட்டத்தின் பெரிய திருத்தம் நடைமுறைக்கு வந்தது. ஆணாயினும் பெண்ணாயினும் மூத்த பிள்ளைக்கே முடி என்றாயிற்று. யாரோ ஒருவரின் மகள் என்ற பழைய சொற்களும் சட்டத்திலிருந்து மறைந்தன. இப்போது வேண்டப்படுவது அரசரின் வேண்டுகோளின் பேரில் அரசாங்கம் வழங்கும் சம்மதம் மட்டுமே. கெர்ஸ்டினுக்கு அப்போது வயது அறுபத்தொன்பது.

அவர் 1987 செப்டெம்பர் 11 ஆம் திகதி காலமானார். நாற்பத்தோராண்டு காலம் அந்த மணவாழ்வு நிலைத்திருந்தது. அவர் பற்றிய குறிப்புகளைப் புரட்டும்போது ஒரு குறையை நாம் காண்கிறோம். பெரும்பாலானவை அவரைக் கணவரின் பெயருக்குக் கீழேயே வைத்துப் பேசுகின்றன. பிறந்த திகதி, மணந்த திகதி, பெற்ற பட்டம், இறந்த திகதி என்ற அளவில் முடிந்துவிடுகின்றன. முப்பத்தைந்து வயது வரை அவர் உழைத்துச் சேர்த்த தொழில்வாழ்வு, பத்திரிகையாளர் என்ற ஒற்றைச் சொல்லில் சுருங்கிவிடுகிறது. சட்டம் அவரை இன்னாரின் மகள் என்றது. வரலாறு இன்னாரின் மனைவி என்கிறது. பத்திரிகைச் சுதந்திரத்தின் தாயகத்தில் ஓர் ஆசிரியைக்கு நேர்ந்த இந்நிலை பற்றி, அதே தொழிலில் இருக்கும் நமக்கு வருத்தம் ஏற்படுவது இயல்பே.

கார்ல் ஜொஹான் மறு ஆண்டில் இரண்டாவது முறையாக மணம் புரிந்தார். இம்முறை மணமகள் சுவீடனின் பிரபு குலத்துச் சீமாட்டி. நீண்ட ஆயுள் வாய்த்த அவர், 2010 ஜூன் 19 ஆம் திகதி, முடிக்குரிய இளவரசி விக்டோரியா உடற்பயிற்சி நிலையம் நடத்திவந்த டானியல் வெஸ்ட்லிங்கை மணந்து, மணமகன் அன்றே இளவரசராக்கப்பட்டதைக் காணும் வரை உயிர்வாழ்ந்தார். 2012 மே 5 ஆம் திகதி, தமது தொண்ணூற்றைந்தாவது வயதில் அவர் மறைந்தார். விக்டோரியா மகாராணியாரின் பூட்டப் பிள்ளைகளுள் இறுதியாக எஞ்சியிருந்தவர் அவரே.